ஒற்றைப் பிள்ளைக்கு ஒற்றை முயல் வாங்கலாமா?

கரிசல்காட்டான்:
எனக்கு ஊர் கோவில்பட்டிப் பக்கம். அம்மாவும் அப்பாவும் தீப்பெட்டி ஆபீசுக்குப் போய்விடுவார்கள், கூடப் பிறந்தவர்கள் கிடையாது. பள்ளிக்கூடம் விட்டு வந்தால் எனக்கென்று இருந்தது ஒரு கன்னி இன ஆட்டுக்குட்டிதான். கறுப்பு உடம்பு; கண்ணுக்கு மேலிருந்து மூக்கு வரை இரண்டு வெள்ளைக் கோடு. தாய் செத்துப்போனதால் புட்டிப்பால் கொடுத்து வளர்த்தது. டவுசர் பையில் வேலிக்கருவை நெற்று வைத்திருப்பேன். பையோடு சேர்த்து இழுக்கும். வாய்ப்பாடு ஒப்பிப்பதும் அதனிடம்தான். பதிமூன்றாம் வாய்ப்பாட்டில் நான் திணறும்போது அது அசைபோட்டபடி கண்ணை மூடியிருக்கும்.

ஒரு சனிக்கிழமை விடியுமுன் எட்டயபுரம் சந்தைக்கு ஓட்டிப்போய்விட்டார்கள். வட்டிக்கடன், குற்றம் சொல்ல முடியாது. அப்பா கயிற்றை மட்டும் சுருட்டி எடுத்துவந்தார்.

இப்போது சென்னையில் அடுக்குமாடி வீடு. மகளுக்கு எட்டு வயது, ஒரே பிள்ளை. முயல் கேட்கிறாள். வாங்கித் தரலாமா?

தாமிரபரணி:
எங்கள் வீட்டில் கோயில் கொடைக்கு நேர்ந்துவிட்ட கிடா. பெயர் வைக்காதே என்று ஆச்சி முதல் நாளே சொன்னாள். நான் வைத்தேன். கொடையன்று எனக்கு ரசச்சோறுதான். யோசித்து வாங்குங்கள்.

முயல்பண்ணை:
அண்ணே, தாராளமாக வாங்குங்கள், ஆனால் ஒன்றை மட்டும் வாங்காதீர்கள். முயல் கூட்டமாக வாழும் பிராணி. தனியாக விட்டால் சுணங்கிப்போகும். ஆணும் பெண்ணும் வேண்டாம், 31 நாளில் குட்டி போட்டுவிடும். பிறகு இங்கே வந்து வேறு கேள்வி கேட்பீர்கள். கேரட் எப்போதாவது ஒரு துண்டு போதும், புல்தான் முக்கியச் சாப்பாடு. வயர்களை மறைத்து வையுங்கள். தூக்கினால் பயப்படும், பாப்பாவைத் தரையில் உட்காரச் சொல்லுங்கள், அதுவாக வரும்.

இன்னொன்று. உங்கள் குட்டி உங்களிடம் அப்படி ஒட்டிக்கொண்டதும், அதற்கு வேறு ஆட்டைத் தெரியாததால்தான்.

கரிசல்காட்டான்:
இது எனக்குத் தோன்றவே இல்லை தம்பி. ‘நீ பள்ளிக்கூடம் போனதும் தொண்டை கட்டுகிற வரைக்கும் கத்துதுடா’ என்று பக்கத்து வீட்டுப் பாட்டி சொல்வாள். எனக்கு அப்போது அதைக் கேட்கப் பெருமையாக இருக்கும்.

சரி, இரண்டு பெட்டையாகவே பார்க்கிறேன். பால்கனியில் மத்தியான வெயில் அடிக்கும், கூண்டை எங்கே வைப்பது?