உதவி: பத்திரம் டைப் செய்யும்போது கேம் பார் நடுவில் வந்து நிற்கிறது, எப்படி நிறுத்துவது?

குளச்சல் தட்டச்சு

எல்லாருக்கும் வணக்கம். ஆவண எழுத்தர் ஒருவருக்கு வீட்டிலிருந்தே பத்திரம் டைப் செய்து கொடுக்கிறேன். விண்டோஸ் 11, அசெம்பிள் செய்த கம்ப்யூட்டர், மூன்று வருடம் ஆகிறது. பகலில் என் வேலை ஓடும், ராத்திரி பையன் கேம் விளையாடுவான்.

பத்து நாளாக ஒரு தொல்லை. கிரையப் பத்திரம் அடித்துக்கொண்டே இருப்பேன், திடீரென்று திரை மங்கி, மேலே ஒரு பட்டையும் ஓரங்களில் சின்னச் சின்னப் பெட்டிகளும் வந்து நிற்கும். ஒன்றில் ஒலி அளவு, ஒன்றில் சிபியு எத்தனை சதவீதம் என்று ஓடுகிறது, இன்னொன்றில் ரெக்கார்டு பொத்தான். அதன் பெயர் எக்ஸ்பாக்ஸ் கேம் பார் என்று பையன்தான் சொன்னான். எஸ்கேப் அழுத்தினால் போய்விடும். ஆனால் அதற்குள் நான் அடித்த நாலைந்து எழுத்து காணாமல் போயிருக்கும். சர்வே எண்ணில் ஒரு இலக்கம் விட்டுப்போனால் யார் பதில் சொல்வது?

பையன் எதையோ நோண்டி வைத்திருக்கிறான் என்று நினைத்து நன்றாகத் திட்டிவிட்டேன். அவன் தொடவே இல்லை என்கிறான். இது போதாதென்று சில நேரம் திரை தானாகவே பூட்டிக்கொண்டு பாஸ்வேர்டு கேட்கிறது. இங்கே காற்றும் மழையுமாகக் கரண்ட் வந்து வந்து போகிறது, அதனால் இருக்கும் என்று அதை விட்டுவிட்டேன். எனக்குக் கேம் பார் அடியோடு போக வேண்டும். வழி சொல்லுங்கள்.

திங்கள்சந்தை

செட்டிங்ஸ் போங்கள், கேமிங், அதில் கேம் பார். மேலே இருக்கும் சுவிட்சை ஆஃப் செய்யுங்கள். முடிந்தது அக்கா.

குளச்சல் தட்டச்சு

அங்கே ஒரே ஒரு சுவிட்ச்தான் இருந்தது. கன்ட்ரோலர் பொத்தானால் கேம் பாரைத் திறப்பது பற்றி ஏதோ எழுதியிருந்தது. அணைத்தேன். அரை மணி நேரத்தில் திரும்ப வந்துவிட்டது.

மார்த்தாண்டம் ரப்பர்காரன்

தம்பி சொன்னது விண்டோஸ் 10 கணக்கு. அதில்தான் மொத்தமாக அணைக்கும் சுவிட்ச் உண்டு. 11-இல் அந்தப் பக்கத்தில் இருப்பது கன்ட்ரோலர் சுவிட்ச் மட்டும். ஆனாலும் அதை அணைத்தது நல்லது. பையன் எக்ஸ்பாக்ஸ் கன்ட்ரோலர் வைத்திருந்தால் அதன் நடுப்பொத்தான் மேசையில் எதிலாவது இடித்தாலே கேம் பார் எழும்பி வரும்.

11-இல் செய்ய வேண்டியது இது. செட்டிங்ஸில் ஆப்ஸ், அதற்குள் இன்ஸ்டால்டு ஆப்ஸ். பட்டியலில் கேம் பாரைத் தேடி, வலது ஓரத்து மூன்று புள்ளியைத் தட்டி அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ் போங்கள். பேக்ரவுண்ட் ஆப் பர்மிஷன்ஸ் என்ற இடத்தில் 'நெவர்' வையுங்கள். கொஞ்சம் கீழே 'டெர்மினேட்' இருக்கும், அதையும் ஒருமுறை அழுத்துங்கள். அப்புறம் கேமிங் பக்கத்துக்கே திரும்பி வந்து, கேப்சர்ஸ் என்பதில் 'ரெக்கார்டு வாட் ஹேப்பன்டு' அணைந்திருக்கிறதா என்று பாருங்கள். கம்ப்யூட்டர் மெதுவாகிறது என்று பலர் கேம் பாரைத் திட்டுவது உண்மையில் இதனால்தான். விளையாடும்போது கடைசி 30 நொடியைப் பின்னணியில் பிடித்துக்கொண்டே இருக்கும். சும்மா கிடக்கும் கேம் பார் அவ்வளவு தின்னாது.

ஒன்று சொல்லிவிடுகிறேன். இவ்வளவும் செய்தாலும் விண்டோஸ் விசையோடு ஜி சேர்த்து அழுத்தினால் அது திறக்கத்தான் செய்யும்.

தக்கலை கேமர்

எதுக்கு அக்கா இவ்வளவு சுற்று? விண்டோஸில் கட்டளை அடிக்கும் பவர்ஷெல்லில் ஒரே வரி, கேம் பார் பொதியையே தூக்கிவிடலாம். நான் என் மெஷினில் தூக்கி ஒரு வருடம் ஆகிறது, ஒரு குறையும் இல்லை. கட்டளையை உங்கள் இன்பாக்ஸில் போட்டிருக்கிறேன், அப்படியே ஒட்டி என்டர் தட்டுங்கள்.

மார்த்தாண்டம் ரப்பர்காரன்

மக்கா, எல்லார் மெஷினும் உன் மெஷின் இல்லை. ஏஎம்டியின் ரைசன் 7900எக்ஸ்3டி, 7950எக்ஸ்3டி மாதிரி சிபியு சிப் இருந்தால் கேம் பாரைத் தூக்கக் கூடாது. ஓடுவது கேம்தான் என்று கேம் பார் சொல்லித்தான் அந்த சிப்பில் எந்தக் கோர்களுக்கு வேலை போக வேண்டும் என்பது முடிவாகிறது. அக்கா வீட்டில் அது இருக்காது என்றே நினைக்கிறேன், இருந்தாலும் பார்த்துக்கொள்ளுங்கள்.

குளச்சல் தட்டச்சு

எங்கள் வீட்டில் சாதாரண ஐ3 தான். பொறுமை போய்விட்டது, கட்டளையை ஒட்டிவிட்டேன்.

இப்போது புதுக் கூத்து. கேம் பார் வருவதில்லை. அதற்குப் பதிலாக, 'எம்எஸ் கேமிங்ஓவர்லே' என்ற இணைப்பைத் திறக்க ஒரு ஆப் வேண்டும், ஸ்டோருக்குப் போகவா என்று ஒரு பெட்டி கேட்கிறது. அதே மாதிரி டைப் செய்யும்போது நடுவில்தான். முன்பு எஸ்கேப் போதும், இப்போது மவுஸைத் தேடி மூட வேண்டியிருக்கிறது. பேயை விரட்டப் போய்ப் பிசாசைக் கூட்டி வந்த கதையாகிவிட்டது.

வடசேரி மெக்கானிக்

எல்லாரும் பெட்டியையே பிடித்துக்கொண்டு நிற்கிறீர்கள். ஆப்பே இல்லை, ஆனாலும் யாரோ அதைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார்கள் என்றுதானே அந்தப் புதுப் பெட்டிக்கு அர்த்தம்? கூப்பிடுவது யார் என்று பார்ப்போம். தங்கச்சி, மூன்று கேள்வி:

நீங்கள் அடிப்பது தமிழ்99 விசைப்பலகையா? தமிழுக்கும் இங்கிலீஷுக்கும் மாற எதை அழுத்துவீர்கள்? கடைசியாகப் பெட்டி வந்தபோது என்ன வார்த்தை அடித்துக்கொண்டிருந்தீர்கள்?

குளச்சல் தட்டச்சு

தமிழ்99 தான் அண்ணாச்சி. மாறுவதற்கு விண்டோஸ் விசையும் ஸ்பேஸும். ஆதார் எண், பான் எண் எல்லாம் வருவதால் ஒரு பக்கத்துக்குப் பத்து தடவையாவது மாற வேண்டியிருக்கும்.

வார்த்தையை இப்போதுதான் கவனித்தேன். பான் எண் அடித்து முடித்து, தமிழுக்கு மாறி, 'எழுதிக் கொடுப்பவர்' என்று தொடங்கும்போது. அதற்கு முந்தின தடவையும் 'எழுதி வாங்குபவர்'. எனக்கே கொஞ்சம் திக்கென்று இருக்கிறது.

வடசேரி மெக்கானிக்

நினைத்தது சரிதான். தமிழ்99-இல் 'எ' இருப்பது ஜி விசையில். உங்கள் விண்டோஸ் விசை அழுத்தினால் உடனே மேலே வருவதில்லை, ஒட்டிக்கொண்டு ஒரு நொடி கீழேயே நிற்கிறது. நீங்கள் மாறிய கையோடு 'எ' அடிக்கிறீர்கள். கம்ப்யூட்டருக்கு அது 'எ' இல்லை, விண்டோஸும் ஜியும். கேம் பாரைக் கூப்பிடும் குறுக்குவழியே அதுதான். 

திரை தானாகப் பூட்டுகிறது என்றீர்களே, கரண்ட் மேல் பழி போடாதீர்கள். 'தாலுகா' என்று தொடங்கியிருப்பீர்கள். 'த' இருப்பது எல் விசையில். விண்டோஸும் எல்லும் சேர்ந்தால் பூட்டு. இன்னும் சொல்கிறேன், நடந்திருக்கிறதா என்று பாருங்கள். 'உட்பிரிவு' அடிக்கும்போது எல்லாம் மறைந்து டெஸ்க்டாப் வந்திருக்கும், 'உ' டி விசையில். 'கிராமம்' அடிக்கும்போது மைக் படம் போட்ட சின்னப் பெட்டி, 'க' ஹெச் விசையில், அது குரல் தட்டச்சு. 'வடக்கு' என்றால் கிளிப்போர்டு பட்டியல், 'வ' வி விசையில்.

பையன் விளையாடும்போது ஏன் வருவதில்லை என்று கேட்பீர்கள். அவன் அந்த விசையைத் தொடுவதே இல்லை.

குளச்சல் தட்டச்சு

மைக் பெட்டி வந்தது! இரண்டு தடவை. வேறு ஏதோ வைரஸ் என்று நினைத்துப் பயந்து, சொல்லவே இல்லை.

வடசேரி மெக்கானிக்

இன்று பக்கத்து வீட்டிலிருந்து ஒரு விசைப்பலகை வாங்கிச் செருகி வேலை செய்து பாருங்கள். ஒரு நாள் முழுக்க வராவிட்டால் சந்தேகமே வேண்டாம். அதுவரைக்கும் மாற்று வழியும் உண்டு. மொழி மாற இடது ஆல்ட்டும் ஷிஃப்ட்டும் வைத்துக்கொள்ளலாம். அது வேலை செய்யாவிட்டால் அட்வான்ஸ்டு கீபோர்டு செட்டிங்ஸில் மொழி மாற்றும் விசைகள் என்ற இடத்தில் வைத்துக்கொள்ளலாம்.

வீடு கடலுக்குக் கிட்டேயா? குளச்சல், முட்டம், மணக்குடி பக்கமிருந்து என் கடைக்கு வருகிற மெஷின்களைத் திறந்தாலே தெரியும். யுஎஸ்பி வாய் துரு, விசைக்கு அடியில் பிசுபிசுப்பு. உப்புக் காற்று ஒரு பக்கம், டைப் செய்யும்போது குடிக்கிற டீ மறு பக்கம்.

குளச்சல் தட்டச்சு

சன்னலைத் திறந்தால் கடல்தான் அண்ணாச்சி. டீயும் உண்மை.

குளச்சல் தட்டச்சு (இரண்டு நாள் கழித்து)

கொழுந்தியா வீட்டு விசைப்பலகையில் மூன்று பத்திரம் அடித்தேன். எதுவும் வரவில்லை. பூட்டவும் இல்லை. பழையதில் அந்த விசையின் மூடியை மெதுவாக நெம்பி எடுத்துப் பார்த்தோம். அடியில் தவிட்டு நிறத்தில் பசை மாதிரி ஒரு படிவு, கூடவே கொஞ்சம் மணல். சுத்தம் செய்தால் பிழைக்குமா?

வடசேரி மெக்கானிக்

ஒயரைக் கழற்றிவிட்டு, ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலில் பஞ்சுக்குச்சியை நனைத்துத் துடையுங்கள், தண்ணீர் வேண்டாம். நன்றாகக் காய்ந்த பிறகு செருகுங்கள். ஆனால் சாதாரண ரப்பர் மெம்பிரேன் விசைப்பலகை என்றால் அந்த ரப்பரே தளர்ந்திருக்கும், கொஞ்ச நாளில் மறுபடி ஒட்டும். பத்திர வேலைக்கு அதை நம்பாதீர்கள். புதிது வாங்குங்கள், பழையதைப் பையனுக்குக் கொடுங்கள். விண்டோஸ் விசையே அவனுக்கு வேண்டாம் என்றால் மைக்ரோசாஃப்டின் இலவசக் கருவித் தொகுப்பான பவர்டாய்ஸில் கீபோர்டு மேனேஜர் இருக்கிறது, அந்த ஒரு விசையை மட்டும் முடக்கலாம்.

குளச்சல் தட்டச்சு

வாங்கிவிட்டேன். பையனுக்கு அவன் கேமை ரெக்கார்டு செய்யக் கேம் பார் வேண்டுமாம். அதைத் தூக்கிவிட்டோமே, திரும்ப வருமா?

மார்த்தாண்டம் ரப்பர்காரன்

மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் கேம் பார் என்று தேடி இறக்குங்கள், அந்த 'எம்எஸ் கேமிங்ஓவர்லே' பெட்டியும் அதோடு நின்றுவிடும். பின்னணிப் பதிவு மட்டும் அணைந்தே இருக்கட்டும். தேவைப்படும்போது விண்டோஸ், ஆல்ட், ஆர் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் பதிவு ஓடும், மறுபடி அழுத்தினால் நிற்கும். வீடியோஸ் கோப்புறைக்குள் கேப்சர்ஸில் கிடக்கும்.

தக்கலை கேமர்

அப்போ நான் கொடுத்த கட்டளை வீணா?

குளச்சல் தட்டச்சு

இல்லை தம்பி. நீ தூக்கச் சொல்லாமல் இருந்திருந்தால் அந்தப் புதுப் பெட்டி வந்திருக்காது, அண்ணாச்சியும் கேட்டிருக்க மாட்டார். கேம் பாரை இறக்கியாயிற்று, இந்தப் பதிலில் இவ்வளவு 'எ' அடித்தும் ஒன்றும் எட்டிப் பார்க்கவில்லை. பையனுக்கு ஏத்தங்காய் சிப்ஸ் வாங்கி வைத்திருக்கிறேன், டியூஷன் விட்டு வந்ததும் கொடுக்க வேண்டும். பத்து நாள் திட்டு வாங்கியிருக்கிறான்.