கம்மர்ஓப்பருக்குத் தமிழ்: ‘அறை ஓபரா’ போதுமா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். சில பாடகர்களோடும் சிறு வாத்தியக்குழுவோடும் நடத்தப்படும் ஓபராவை, அதாவது மேலை இசை நாடகத்தைக் குறிக்கும் ‘கம்மர்ஓப்பர்’ என்ற ஜெர்மன் சொல்லுக்கு, நம் கலைச்சொற் பட்டியலுக்காக இதுவரை அறை ஓபரா, குறு ஓபரா, சிற்றிசை நாடகம் என மூன்று பரிந்துரைகள் வந்துள்ளன. மூன்றையும் ஒரே படைப்பின்மீது பொருத்திப் பார்த்தேன். ஒவ்வொன்றும் ஓரிடத்தில் இடறுகிறது.

நான் எடுத்துக்கொண்டது 1979 மார்ச்சில் ஹாம்பர்க்கில் அரங்கேறிய, ஜெர்மன் இசையமைப்பாளர் வொல்ஃப்காங் ரீமின் ‘யாகோப் லென்ட்ஸ்’ என்ற ஓபரா. ஜெர்மன் எழுத்தாளர் கேயோர்க் பூஷ்னர் எழுதி, அவர் இறந்தபின் 1839இல் அச்சான ‘லென்ட்ஸ்’ என்ற உரைநடைக் கதையே இதன் மூலம். 1778 ஜனவரியில் மனம் குலைந்த நிலையில் கவிஞர் லென்ட்ஸ் வோஷ் மலையிலுள்ள வால்டர்ஸ்பாக் என்னும் சிற்றூருக்கு வந்து, பாதிரியார் ஓபர்லினிடம் அடைக்கலம் புகுந்த உண்மை நிகழ்ச்சியைச் சொல்வது அது. லென்ட்ஸ், ஓபர்லின், லென்ட்ஸின் நண்பர் காவுஃப்மன் ஆகிய மூவரே முதன்மைப் பாடகர்கள். வாத்தியக்காரர்கள் 11 பேர். அவர்களிடையே ஒரு வயலின்கூட இல்லை. மூன்று செல்லோ, ஹார்ப்சிகார்டு என்ற பழைய விசைப்பலகைக் கருவி ஒன்று, தாளக் கருவிகள், மற்றவை காற்றுக் கருவிகள்.

‘குறு ஓபரா’வை முதலில் விலக்கிவிடலாம். ரிச்சர்ட் ஸ்ட்ராஸின் ‘எலெக்ட்ரா’ ஒரே அங்கம் கொண்டதுதான், ஆனால் அதற்கு நூற்றுக்கு மேற்பட்ட வாத்தியக்காரர்கள் வேண்டும். அதை எவரும் கம்மர்ஓப்பர் என்பதில்லை. ‘சிற்றிசை நாடகம்’ என்பதில் சிறுமை இசையைப் போய் ஒட்டிக்கொள்கிறது. மேலும், ‘இசை நாடகம்’ என்றதும் நம் காதில் ஒலிப்பது சங்கரதாஸ் சுவாமிகளின் மரபும் அதன் ஆர்மோனியமும். அந்தப் பெயரை அதன் உரிமையாளர்களிடமே விட்டுவிட்டு, ஓபராவை ஓபரா என்றே வைத்துக்கொள்வது நேர்மை.

எஞ்சியிருப்பது ‘அறை ஓபரா’. (அறை என்பது கன்னத்தில் விழுவதும்தான் என்ற கேலியை இப்போதைக்குத் தள்ளிவைப்போம்.) ‘கம்மர்’ என்பதற்கு அகராதிப் பொருள் அறை என்பது சரியே. ஆனால் கம்மர்முசிக் (சொல்லுக்குச் சொல் ‘அறை இசை’) என்ற சொல் பிறந்த சூழலில் அது வெறும் நான்கு சுவரைக் குறிக்கவில்லை. தேவாலயத்துக்கும் நாடக அரங்குக்கும் உரிய இசையிலிருந்து பிரித்து, அரசர் தமக்கு வேண்டியவர்களோடு அருகிருந்து கேட்ட இசையை அது சுட்டியது. அரசரின் அந்தரங்கப் பணியாளைக்கூட ஜெர்மானியர் கம்மர்டீனர் என்றனர். நம்மிடம் இதற்கு நேரான சொல் உண்டு: அணுக்கம். அரசனை நெருங்கி நின்றவர் அணுக்கர். கயிலையில் சுந்தரர் அணுக்கத் தொண்டர். தஞ்சைப் பெரிய கோயிலில் கருவறைக்கு அருகிலுள்ள வாயில் திருவணுக்கன் திருவாயில். ஆகவே ‘அணுக்க ஓபரா’ என்று முன்மொழிகிறேன்.

ரீமின் படைப்பே இதற்குச் சான்று. முதன்மைப் பாடகர்களைத் தவிர ஆறு குரல்கள் வருகின்றன. அவை லென்ட்ஸுக்கு மட்டுமே கேட்கும் குரல்கள். ஓபர்லின் பக்கத்திலேயே நிற்கிறார், அவருக்கு அவை கேட்பதில்லை, நமக்குக் கேட்கின்றன. அதாவது, நோயாளியைத் தாங்கிப்பிடித்த மனிதரைவிட, இருட்டில் அமர்ந்திருக்கும் நாம் அவனுக்கு அணுக்கமாகிவிடுகிறோம். இறுதியில் மற்ற இருவரும் கைவிட்டபின், ‘முரணின்றி’ என்று பொருள்படும் ‘கோன்செக்வென்ட்’ என்ற ஒற்றைச் சொல்லையே அவன் மீண்டும் மீண்டும் சொல்லிக்கொண்டிருக்கிறான். பெரிய வாத்தியக்குழுவின் முழக்கத்தில் அந்தச் சொல் கரைந்துபோயிருக்கும்.

‘அணுக்கம்’ இன்றைய வாசகருக்குப் புரியுமா என்ற ஐயம் எழலாம். ‘அணுகு’ புரிகிறவருக்கு அணுக்கமும் புரியும். சொற்குடும்பமும் தடையின்றி வளர்கிறது: கம்மர்முசிக் அணுக்க இசை, கம்மர்ஆர்கெஸ்டர் அணுக்க வாத்தியக்குழு.

ஓர் எச்சரிக்கை. இதை ‘லிட்டரட்டூர்ஓப்பர்’ என்பதோடு கலக்க வேண்டாம். ஏற்கெனவே உள்ள இலக்கியப் பனுவலை, பெரும்பாலும் நாடகத்தை, அதன் சொற்களோடு இசைப்பது அது. அதே பூஷ்னரின் நாடகத்தை அல்பன் பெர்க் இசைத்த ‘வொட்செக்’ (1925) அதற்கு எடுத்துக்காட்டு. அதற்கு ‘இலக்கிய ஓபரா’ போதும். லென்ட்ஸ் கதையிலிருந்தோ மிஷாயேல் ஃப்ரோலிங் புதிதாகப் பாடற்பிரதி அமைத்தார்.

மாற்றுக் கருத்து வராவிட்டால் பட்டியலில் இப்படிப் பதியலாம்: ‘அணுக்க ஓபரா: சில பாடகர்களுக்கும் சிறு வாத்தியக்குழுவுக்கும் எழுதப்பட்டு, பார்வையாளர் அருகிருந்து கேட்கும்படி அமைந்த ஓபரா, நீளம் வரையறை அன்று.’