வீட்டுக் கடனை வேறு வங்கிக்கு மாற்றலாமா? எங்கள் குடும்பக் குழுவில் ஓர் உரையாடல்

முரளி, காலை 7:10
அனைவருக்கும் வணக்கம். எங்கள் வீட்டுக் கடனை 9 சதவீத வட்டியிலிருந்து 8 சதவீதத்துக்கு மாற்றித் தருவதாக வேறொரு வங்கியிலிருந்து நேற்று பேசினார்கள். 20 ஆண்டுக் கடனில் 7 ஆண்டுகள் முடிந்துவிட்டன. இன்னும் 13 ஆண்டுகள் பாக்கி இருக்கின்றன. அவர்களிடம் மறுபடியும் 20 ஆண்டுக் கடனாகப் போட்டுக்கொண்டால், முதலில் வாங்கிய ஒவ்வொரு லட்சத்துக்கும் இப்போது 900 வீதம் கட்டிவரும் மாதத் தவணை 691 ஆகிவிடும் என்கிறார்கள். வட்டியும் குறைகிறது, தவணையும் குறைகிறது என்பதால் வரும் வாரமே கையெழுத்துப் போட்டுவிடலாம் என்று இருக்கிறோம். சித்தப்பா, நீங்கள் வங்கியில் கடன் பிரிவைப் பார்த்தவர் என்பதால் உங்களிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளலாம் என்று எழுதுகிறேன்.

நடராஜன், காலை 7:48
முரளி, கையெழுத்தைக் கொஞ்சம் தள்ளிப் போடு. வட்டி குறைவது உண்மைதான். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் தவணையில் குறையும் 209இல் வட்டிக் குறைப்பால் வருவது எவ்வளவு, காலத்தை நீட்டுவதால் வருவது எவ்வளவு என்று அவர்கள் பிரித்துச் சொன்னார்களா? சொல்லியிருக்க மாட்டார்கள். ஒரு லட்சத்துக்கான கணக்காகவே சொல்கிறேன், உன் கடன் எத்தனை லட்சமோ அத்தனையால் பெருக்கிக்கொள். 7 ஆண்டுகள் கட்டிய பிறகும் உன் அசல் பாக்கி ஏறத்தாழ 82,570. இதை 8 சதவீதத்தில், மீதமுள்ள அதே 13 ஆண்டுகளில் அடைப்பதாக இருந்தால் தவணை 853 வரும். ஆகவே வட்டிக் குறைப்பால் கிடைப்பது மாதம் 47 மட்டுமே. மற்ற 162, முடிய வேண்டிய கடனை இன்னும் 7 ஆண்டுகள் இழுப்பதால் குறைவது.

சுதா, காலை 8:02
மாமா, 7 ஆண்டுகள் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டியிருக்கிறோம். அப்படியும் ஒரு லட்சத்தில் 82 ஆயிரத்துக்கு மேல் பாக்கி நிற்கிறது என்பதை என்னால் நம்ப முடியவில்லை. வங்கி ஏதாவது தவறாகக் கணக்கிட்டிருக்குமோ?

நடராஜன், காலை 8:25
வங்கியின் கணக்கில் தவறு இல்லை, சுதா. கடன் கணக்கு விவரத்தை எடுத்து முதல் வரியைப் பார். 9 சதவீதம் என்றால் மாதத்துக்கு முக்கால் சதவீதம். ஒரு லட்சத்துக்கு முதல் மாத வட்டி 750. நீங்கள் கட்டிய 900இல் அது போக, அசலில் கழிந்தது 150தான். அடுத்த மாதம் வட்டி ஒரு ரூபாய்க்குச் சற்று மேல் குறைந்திருக்கும், அசலில் கழிவது அதே அளவு கூடியிருக்கும். இப்படி நகர்ந்து நகர்ந்து, 149ஆவது தவணையில், அதாவது 12 ஆண்டுகளும் சில மாதங்களும் கடந்த பிறகுதான், தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முந்துகிறது. அசலில் பாதி அடைபடுவதற்கு 14 ஆண்டுகள் ஆகின்றன. இதுவரை நீங்கள் கட்டியது ஏறத்தாழ 75,600. அதில் 58 ஆயிரத்துக்கு மேல் வட்டிக்கே போயிருக்கிறது.

இதை நினைத்து மனம் நோகாதே. அடைக்காமல் வைத்திருக்கும் பணத்துக்குத்தான் வட்டி போடுகிறார்கள், தொடக்கத்தில் அந்தப் பணம் அதிகம், அவ்வளவுதான். மொத்த வட்டியில் பாதியைச் சுமந்து முடித்து, அசல் வேகமாகக் கரையத் தொடங்கும் கட்டத்தை நெருங்கும் நேரத்தில் புதிதாக 20 ஆண்டுக் கடனுக்குள் போகிறீர்களே என்பதுதான் என் கவலை.

வசந்தி, காலை 9:15
சித்தப்பா சொன்னதை எக்செல்லில் போட்டுப் பார்த்துவிட்டேன். முரளி, நீ எதுவும் செய்யாமல் பழைய வங்கியிலேயே இருந்தால் இனிமேல் கட்ட வேண்டியது மொத்தம் 1,40,358. புதிய வங்கியில் 20 ஆண்டுக் கடனாகப் போட்டால் 1,65,750க்கு மேல். ஒரு சதவீதம் குறைந்த வட்டிக்குப் போய், லட்சத்துக்கு 25 ஆயிரம் கூடுதலாகக் கட்டப் போகிறாய். அதே 8 சதவீதத்துக்குப் போய், 13 ஆண்டுகளிலேயே முடிப்பதாக எழுதிக்கொண்டால் 1,33,065தான் ஆகும். அங்கே போயும் இப்போது கட்டும் 900ஐயே விடாமல் கட்டினாய் என்றால் 143ஆவது மாதத்தோடு கடன் முடிந்துவிடும். மொத்தம் 1,28,000 சொச்சம். ஒரே வங்கி, ஒரே வட்டி. கால அளவு என்று போட்டிருக்கும் கட்டத்தில் நீ எழுதும் எண்தான் லாபமா நஷ்டமா என்பதைத் தீர்மானிக்கிறது.

கார்த்திக், காலை 9:40
அக்கா, ஒரு சந்தேகம். 20 ஆண்டுகளில் கட்டுவதை எல்லாம் இப்படிக் கூட்டிக்கொண்டே போவது நியாயமா? இன்று கையில் இருக்கும் 900உம், 20 ஆண்டுகள் கழித்துக் கொடுக்கப் போகும் 900உம் ஒன்றல்லவே. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுவதாக வைத்துக்கொண்டால், கடைசித் தவணையின் இன்றைய மதிப்பு 340கூட வராது. சம்பளமும் அதற்குள் உயர்ந்திருக்கும். அப்படிப் பார்த்தால் நீண்ட காலக் கடன்தானே லாபம்?

வசந்தி, காலை 10:05
கேட்க வேண்டிய கேள்விதான், கார்த்திக். மொத்த வட்டியைக் கூட்டிக் காட்டி மிரட்டும் கணக்குகளில் பாதி இதை மறைத்துவிடுகின்றன என்பதை நானும் ஒப்புக்கொள்கிறேன். தவணை குறைவதால் மிஞ்சும் 209ஐ மாதந்தோறும் எடுத்து, வரி போகக் கடன் வட்டிக்குக் குறையாத ஆதாயம் தரும் இடத்தில், நடுவில் கை வைக்காமல் முரளி சேர்த்துவந்தால், காலத்தை நீட்டியதில் நஷ்டம் எதுவும் இல்லை. ஆனால் 8 சதவீதத்தை வரி போக, ஆபத்தும் இல்லாமல், பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் தொடர்ந்து தரும் முதலீடு எது என்று நீதான் சொல்ல வேண்டும். அப்படி ஒன்று இருந்தாலும், மிஞ்சிய பணம் வீட்டுச் செலவில் கரையாமல் அங்கே போய்ச் சேரும் என்பதற்கு யார் பொறுப்பு?

சுதா, காலை 10:12
அண்ணி, அந்தப் பொறுப்பை நான் ஏற்க மாட்டேன். எங்கள் வீட்டில் மாதம் மிஞ்சும் பணம் எதுவும் அடுத்த மாதத்தைப் பார்த்ததில்லை.

நடராஜன், காலை 11:30
கார்த்திக், நீ அடுத்த ஆண்டு கடன் வாங்கப் போகிறவன் என்பதால் உனக்கும் சேர்த்தே சொல்கிறேன். 9 சதவீதத்தில் ஒரு லட்சம் வாங்கினால், 15 ஆண்டுகளுக்குத் தவணை 1,014, 20 ஆண்டுகளுக்கு 900, 30 ஆண்டுகளுக்கு 805. 20ஐ 30 ஆக்குவதால் மாதம் குறைவது 95தான். மொத்த வட்டியோ 1,16,000இலிருந்து ஏறத்தாழ 1,90,000 ஆகிவிடுகிறது. விலைவாசி உயர்வுக்கு எவ்வளவு தள்ளுபடி கொடுத்தாலும், பத்து ஆண்டுகள் கூடுதலாகக் கடனாளியாக இருப்பதற்கு அந்த 95 மிகச் சிறிய கூலி என்பது என் கருத்து. வேறு வழியே இல்லாதவர்கள் எடுக்கட்டும், அது வேறு.

இதைவிட என்னை உறுத்துவது மாறும் வட்டி. வட்டி ஏறும்போது பல வங்கிகள் தவணையைத் தொடுவதில்லை, காலத்தைத்தான் நீட்டுகின்றன. வாடிக்கையாளருக்கும் மாதச் செலவில் மாற்றம் தெரியாததால் கேள்வி எழுவதில்லை. 20 ஆண்டுக் கடனின் தொடக்கத்திலேயே வட்டி 9இலிருந்து 10 ஆகி, தவணை மட்டும் 900இல் நின்றுவிட்டால், 240 மாதத்தில் முடிய வேண்டிய கடன் 314 மாதத்துக்குப் போகும். ஒரே ஒரு சதவீதத்துக்கு 6 ஆண்டுகளுக்கு மேல்! 11 சதவீதமாகிவிட்டால் மாத வட்டியே 917 ஆகிறது. 900 கட்டினால் வட்டிகூட அடையாது, கட்டக் கட்டக் கடன் வளரும். வட்டி மாறியதாகக் குறுஞ்செய்தி வந்த அன்றே, மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை எவ்வளவு என்று பார்த்துவிட வேண்டும். அந்த எண் கூடியிருந்தால், தவணையை உயர்த்திக் காலத்தைப் பழையபடி வைக்கச் சொல்லி எழுதிக் கொடுக்க வேண்டும்.

முரளி, பிற்பகல் 1:20
சித்தப்பா, உணவு இடைவேளையில் எங்கள் கணக்கு விவரத்தைத் திறந்து பார்த்தேன். நீங்கள் சொன்ன அந்த எண் 156தான் காட்டுகிறது, நல்லவேளையாக நீளவில்லை. ஆண்டுக்கு ஒருமுறை வரும் ஊக்கத்தொகையை அசலில் கட்டலாமா என்று சுதா கேட்கிறாள். அப்படிக் கட்டினால் பெரிய வித்தியாசம் வருமா, அல்லது அவசரத்துக்குக் கையில் வைத்துக்கொள்வது மேலா?

வசந்தி, பிற்பகல் 1:55
ஆறு மாதச் செலவுக்கும் தவணைக்கும் போதுமான பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அதற்கு மேல் வருவதைக் கட்டுவதுதான் என் பழக்கம். அசலில் போட்ட பணத்தை அவசரத்துக்குத் திரும்பக் கேட்டால், பெரும்பாலும் புதுக் கடனாகத்தான் தருவார்கள்.

வித்தியாசம் எவ்வளவு என்றால், முதல் ஆண்டிலிருந்தே ஆண்டுக்கு ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டிவருபவருக்கு 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 7 மாதத்தில் முடிந்து, லட்சத்துக்கு 23 ஆயிரம் வட்டி மிச்சமாகிறது. எப்போது கட்டுகிறோம் என்பதும் முக்கியம். தொடக்கத்திலேயே கட்டும் 1,000, கடைசியில் ஏறத்தாழ ஆறரைத் தவணைகளை, அதாவது 5,900 அளவுக்கு, வெட்டிவிடும். அதே 1,000ஐ 15ஆவது ஆண்டின் முடிவில் கட்டினால் 1,560 அளவுக்குத்தான் வெட்டும். நீ இப்போது நடுவில் இருக்கிறாய்; இன்னும் பயன் இருக்கிறது. கட்டும்போது தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா என்று கேட்பார்கள். காலம் என்று சொல், அதையும் எழுத்தில் வாங்கிக்கொள்.

கார்த்திக், பிற்பகல் 2:30
எனக்குக் கடன் தருவதாகச் சொன்ன நிறுவனம், கடனுக்கான ஆயுள் காப்பீட்டின் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிடலாம், கையிலிருந்து எதுவும் தர வேண்டாம் என்கிறது. அது வசதிதானே, அப்பா?

நடராஜன், பிற்பகல் 3:05
வசதிதான், அவர்களுக்கு. பிரீமியம் 3,000 என்று வைத்துக்கொண்டால், அதை 9 சதவீதத்தில் 20 ஆண்டுகள் கடனோடு சேர்த்துக் கட்டி முடிக்கும்போது ஏறத்தாழ 6,480 கொடுத்திருப்பாய். காப்பீடு கட்டாயம் வேண்டும். கடன் சுமையை வீட்டாரின் தலையில் விட்டுவிட்டுப் போகக் கூடாது. ஆனால் தனியாக ஒரு காலக் காப்பீட்டு பாலிசி (டெர்ம் இன்சூரன்ஸ்) எடுத்துக்கொள். கடன் வேறு வங்கிக்கு மாறினாலும் அது உன்னோடு இருக்கும். கட்டி முடியாத வீட்டுக்குக் கடன் வாங்குவதாக இருந்தால், சாவி கைக்கு வரும்வரை வட்டியை மட்டும் கட்டினால் போதும் என்பார்கள். அந்த மாதங்களில் அசல் ஒரு காசுகூடக் குறையாது, வாடகையும் ஒரு பக்கம் போய்க்கொண்டிருக்கும். வீட்டு வரி, பராமரிப்பு, பழுதுபார்ப்பு எல்லாம் கடன் முடிந்த பிறகும் தொடரும் என்பதால் அவற்றை இந்தக் கணக்கில் நான் சேர்க்கவில்லை. ஆனால் எவ்வளவு தவணை தாங்கும் என்று முடிவு செய்யும்போது சேர்த்துத்தான் ஆக வேண்டும்.

சுதா, மாலை 6:40
மாமா, அப்படியானால் புதிய வங்கியை வேண்டாம் என்று சொல்லிவிடலாமா?

நடராஜன், மாலை 7:10
அவசரப்பட்டு வேண்டாம் என்று சொல்ல வேண்டியதில்லை, அம்மா. முதலில் இப்போதைய வங்கிக்கே போய், வேறிடத்தில் 8 சதவீதம் தருகிறார்கள், உங்களால் முடியுமா என்று கேளுங்கள். ஒழுங்காகக் கட்டும் வாடிக்கையாளரை இழக்க அவர்களுக்கும் மனம் வராது. சிறு கட்டணம் வாங்கிக்கொண்டு குறைத்துத் தருவதும் உண்டு. அவர்கள் மறுத்தால், மாற்றுவதற்கான செலவை எல்லாம் ஒரு தாளில் எழுதி வாங்குங்கள்: பழைய கடனை முடிக்கக் கட்டணம் உண்டா, பரிசீலனைக் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, சொத்து மதிப்பீடு, அடமானப் பதிவு. 13 ஆண்டுக் கணக்கில் லட்சத்துக்கு நீங்கள் மிச்சப்படுத்துவது 7,300 அளவுதான். செலவு அதில் எவ்வளவைத் தின்னும் என்று பார்த்துவிட்டுப் பேசலாம்.

முரளி, இரவு 9:05
நாளை மறுநாள் எனக்கு விடுப்பு. காலையிலேயே இப்போதைய வங்கிக்கு நேரில் போய்க் கேட்கிறேன். புதிய வங்கிக்காரரிடமும் இப்போதே பேசினேன். 13 ஆண்டுகளுக்கு என்று போட்டு, எல்லாக் கட்டணங்களும் சேர்த்த மொத்தத் தொகையை எழுத்தில் அனுப்புங்கள் என்று கேட்டதற்கு, 20 ஆண்டுதான் வசதி சார் என்று மூன்று முறை சொல்லிவிட்டு, திங்கட்கிழமை அனுப்புவதாக ஒப்புக்கொண்டார். வந்ததும் இங்கே போடுகிறேன். அக்கா, உங்கள் எக்செல் கோப்பையும் கொஞ்சம் அனுப்பி வையுங்கள்.

வசந்தி, இரவு 9:12
அனுப்பிவிட்டேன். மஞ்சள் நிறக் கட்டங்களில் மட்டும் உன் எண்களைப் போடு. மற்றவற்றில் கை வைக்காதே.