வேலை போன மாப்பிள்ளை: நாடகத்துக்கு ஓர் ஆலோசனை தேவை

நாடகப்பித்தன்:
எங்கள் குடியிருப்பின் பொங்கல் விழாவுக்கு நாற்பது நிமிட நகைச்சுவை நாடகம் எழுதிக்கொண்டிருக்கிறேன். 2008 செப்டம்பரில் அமெரிக்க முதலீட்டு வங்கியான லேமன் பிரதர்ஸ் திவாலானதை அடுத்து வந்த பொருளாதார மந்தத்தில், கல்யாணமாகி நான்கே மாதமான மென்பொருள் பொறியாளர் ஒருவர் 2009 தொடக்கத்தில் வேலையை இழக்கிறார். மனைவியிடமும் மாமனாரிடமும் மூச்சுவிடாமல், தினமும் சாப்பாட்டுப் பையோடு கிளம்பி, கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் மாலைவரை உட்கார்ந்துவிட்டுத் திரும்புகிறார். ஒத்திகையில் எல்லோரும் சிரித்தார்கள். அண்மையில் வேலை இழந்த நண்பர் மட்டும் சிரிக்கவில்லை. எங்கே பிசகு?

எழும்பூரான்:
முதல் பிசகு நூலகம். அது திறக்கப்பட்டதே 2010 செப்டம்பரில்தான். அவரை எழும்பூர் கன்னிமாரா நூலகத்துக்கு அனுப்புங்கள். வேளச்சேரிக்கு 2007 நவம்பரிலேயே பறக்கும் ரயில் வந்துவிட்டதால், சீசன் டிக்கெட் எடுத்துக் கடற்கரைக்கும் வேளச்சேரிக்குமாகப் போய் வந்தபடி தூங்கவும் செய்யலாம்.

வேளச்சேரி வாசகி:
எங்கள் வீட்டில் இது நாடகமல்ல, நடந்தது. சாப்பாட்டு டப்பாவை ஒருநாளும் கழுவிக் கொண்டுவராத என் கணவர், திடீரென்று அதைப் பளபளவென்று கழுவிக் கொண்டுவரத் தொடங்கினார். ஒன்றாம் தேதி வழக்கமாகச் சில்லறை ரூபாயோடு வரும் சம்பளம், அந்த மாதம் சரியாக முப்பதாயிரமாக வந்தது. சேமிப்பிலிருந்து எடுத்திருக்கிறார் என்று புரிந்தும் நான் கேட்கவில்லை. தயிர்சாதத்தோடு ஒரு வாழைப்பழத்தைக் கூடுதலாக வைத்தேன். இதற்கிடையில் என் அப்பாவோ, 2009 ஜனவரி 7 அன்று சத்யம் மென்பொருள் நிறுவனத் தலைவர் ராமலிங்க ராஜு கணக்கு மோசடியை ஒப்புக்கொண்ட கடிதம் வெளியானது முதல், தங்கைக்கு வந்த ஐ.டி. ஜாதகங்களை அடியில் தள்ளி, மின்வாரிய மாப்பிள்ளைகளை மேலே அடுக்கிக்கொண்டிருந்தார். சாப்பாட்டு மேசையில், “நம்ம மாப்பிள்ளை வேலை கெட்டி” என்று அவர் சொல்லும்போதெல்லாம் கணவருக்குப் புரையேறும். நான் தண்ணீரை நகர்த்தி வைப்பேன்.

எழும்பூரான்:
பிசகு இங்கேதான் இருக்கிறது. உங்கள் நாடகத்தில் மனைவி ஏமாளி, கணவர் கோமாளி. சிரிப்பு அவர்கள் இருவர் மேலும் விழாமல், ‘உத்தியோகம் புருஷ லட்சணம்’ என்று நம்பியிருக்கும் மாமனார் மேல் விழட்டும். மனைவிக்கு இரண்டாம் காட்சியிலேயே எல்லாம் தெரிந்திருக்கட்டும்.

நாடகப்பித்தன்:
மாற்றி எழுதுகிறேன். கழுவிய டப்பாவை எடுத்துக்கொள்ளலாமா, அம்மா?

வேளச்சேரி வாசகி:
தாராளமாக. அவரிடமும் கேட்டுவிட்டேன். தொப்பையுள்ளவரை அந்த வேடத்தில் போடக் கூடாது என்பது மட்டும் அவருடைய நிபந்தனை.