குழந்தைக் கதை சாத்தியமே இல்லையாமே?

மழைக்காலம்: எம்.ஏ. ஆங்கிலம், இரண்டாம் வருடம். இலக்கிய விமர்சகர் ஜாக்குலின் ரோஸ் 1984-ல், வளரவே மறுக்கும் சிறுவன் பீட்டர் பானின் கதையை வைத்து எழுதிய புத்தகம் எங்களுக்குப் பாடம். குழந்தைக் கதை என்பது சாத்தியமே இல்லை என்று தலைப்பிலேயே போட்டு உடைக்கிறார். ஞாயிறுதோறும் பக்கத்து வீட்டு வாண்டுகளுக்குக் கதை வாசிக்கிறவள் நான். படிக்கப் படிக்க எரிச்சல்தான் வருகிறது. செமினாரில் இவரை எப்படி மறுப்பது?

பழைய வாத்தியார்: மறுப்பதெல்லாம் அப்புறம், தங்கச்சி. புத்தகங்களே இல்லை என்று அவர் சொல்லவில்லை. எழுதுவது, அச்சடிப்பது, காசு கொடுத்து வாங்குவது எல்லாம் பெரியவர்கள். குழந்தை கடைசியில்தான் வருகிறது. அந்தக் குழந்தையையும் கள்ளங்கபடமில்லாத ஒன்றாக நம் ஆசைக்கேற்ப நாமே செய்துகொள்கிறோம் என்கிறார். பீட்டர் பான் இதற்குத் தோதான ஆள். அவனைப் படைத்த எழுத்தாளர் ஜே.எம். பாரி 1902-ல் பெரியவர்களுக்கு எழுதிய நாவலில்தான் அவன் முதலில் தலைகாட்டுகிறான். 1904 டிசம்பர் 27-ல் லண்டனில் நாடகமாக மேடையேறினான். 1911-ல் அந்த நாடகக் கதையே நாவலாக வந்தது. நாடகப் பிரதி அச்சேற 1928 ஆகிவிட்டது! ரோஸின் முதல் அத்தியாயத்தில் உளப்பகுப்பாய்வாளர் ஃப்ராய்டு வருவார், பயந்து மூடிவிடாதீர்கள். யார் யாரிடம் பேசுகிறார்கள் என்ற கேள்வியைப் பிடித்துக்கொண்டால் போதும்.

ஓரத்து இருக்கை: நாடகக்காரன் பார்வையில் ஒன்று. பீட்டரின் தோழியான குட்டித் தேவதை டிங்கர் பெல் சாகக் கிடக்கிறாள். அவளைப் பிழைக்கவைக்க, தேவதைகளை நம்புகிறவர்கள் கைதட்டுங்கள் என்று பார்வையாளர்களிடம் பீட்டர் கேட்கிறான். முதல் நாள் அரங்கில் பெரியவர்கள்தான் அதிகம். யாரும் தட்டாவிட்டால் மானம் போகுமே என்று, வாத்தியக்காரர்களைத் தட்டச் சொல்லி வைத்திருந்தார் பாரி. அதற்கு வேலையே வரவில்லை, அரங்கமே தட்டியது. குழந்தையின் நம்பிக்கை யாருக்குத் தேவைப்பட்டது, பாருங்கள்.

மழைக்காலம்: அட, இது ரோஸ் பக்கம்தானே சாய்கிறது! எங்கள் வாண்டுகள் சும்மா கேட்டுக்கொண்டிருப்பதில்லை. நரி செத்தால் ஒத்துக்கொள்ளாமல் முடிவையே மாற்றச் சொல்வார்கள். அதற்கு ரோஸிடம் இடம் இருக்கிறதா?

பழைய வாத்தியார்: குறைவு. எனக்கும் அங்கேதான் அவரோடு ஒட்டவில்லை. இன்னொரு விமர்சகர் மாரா குபார் 2009-ல் எழுதியதைப் பாருங்கள். விக்டோரியா காலத்து எழுத்தாளர்கள் பலர் குழந்தையை ஒன்றும் தெரியாத பொம்மையாக நினைக்கவில்லை, விவரமான கூட்டாளியாகவே பார்த்தார்கள் என்று வாதாடுகிறார். ரோஸைப் பாதி நேரம் நியாயமாகச் சொல்லிவிட்டு, குபாரோடு உங்கள் நரியையும் இறக்குங்கள்.