மோதல் செய்தி: முரண்படும் பலி எண்ணிக்கை, உறுதியாகாத வீடியோ – தலைப்பு எப்படி வைப்பது?

இரவுப்பணி:
ஒரு மருத்துவமனையில் வெடிப்பு நடந்து அரை மணிதான் ஆகிறது. ஒரு தரப்பு நூற்றுக்கணக்கானோர் பலி என்கிறது. மறுதரப்பு, தாக்கியது நாங்கள் இல்லை என்கிறது. கையில் இருப்பது வாட்ஸ்அப்பில் வந்த வீடியோ மட்டும். தலைப்பில் எதைப் போடலாம்? வீடியோவை எப்படிச் சோதிப்பது?

செய்திமேசை:
என்ன நடந்தது, யார் செய்தது, எத்தனை பேர் இறந்தார்கள் மூன்றையும் தனித்தனியாகப் பாருங்கள். முதலாவது மட்டும் உறுதி என்றால் 'மருத்துவமனையில் வெடிப்பு' என்பதோடு நிறுத்துங்கள். 'தாக்குதல்' என்று எழுதினாலே ஒருவரைக் குற்றவாளி ஆக்கிவிடுகிறோம்.

சொன்னவர் பெயரைச் சேர்த்தால் போதும் என்று நினைக்க வேண்டாம். 2023 அக்டோபர் 17, காஸாவின் அல்-அஹ்லி மருத்துவமனை வெடிப்பு: நியூயார்க் டைம்ஸின் முதல் தலைப்பில் 'பாலஸ்தீனர்கள் கூறுகின்றனர்' என்பது கடைசியில் இருந்தது. ஆனால் இஸ்ரேலியத் தாக்குதல் என்பதுதான் முன்னால் நின்றது. ஹமாஸின் கூற்றை அளவுக்கு மீறிச் சார்ந்திருந்ததாகவும், அதை உடனே சரிபார்க்க முடியாததைத் தெளிவாக்கவில்லை என்றும் 23-ம் தேதி ஆசிரியர் குறிப்பு வந்தது. ஆகவே 'சரிபார்க்க இயலவில்லை' என்பது முதல் பத்தியிலேயே வர வேண்டும்.

பிரேம்வாசி:
வீடியோவுக்கு வருகிறேன். வாட்ஸ்அப்பில் வந்த கோப்பின் தேதியை நம்பாதீர்கள். எப்போது, எங்கே எடுத்தது என்று கோப்பில் பதிந்திருக்கும் மெட்டாடேட்டா அனுப்பும்போதே பெரும்பாலும் போய்விடும். நாலைந்து ஸ்க்ரீன்ஷாட் எடுத்து படத்தை வைத்துத் தேடும் கூகுள் லென்ஸ், யாண்டெக்ஸ் இரண்டிலும் தேடுங்கள். சிக்காவிட்டால் படத்தை இடவலம் திருப்பி மறுபடி தேடுங்கள். பழைய வீடியோக்கள் பெரும்பாலும் இங்கேயே மாட்டிக்கொள்ளும்.

அடுத்து இடம்: கோபுரம், தண்ணீர்த் தொட்டி, சாலை வளைவு ஆகியவற்றை கூகுள் எர்த்தில் பொருத்துங்கள். பகல் காட்சி என்றால் நிழலின் திசையை, சூரியன் இருக்கும் திசையைக் காட்டும் சன்கால்க் தளத்தில் இடம், தேதியோடு ஒப்பிட்டால் நேரம் ஏறக்குறையத் தெரியும். இரவென்றால் ஒலியைக் கவனியுங்கள். ஒலி விநாடிக்குச் சுமார் 340 மீட்டர்தான் போகும். 2 கிலோமீட்டருக்கு அப்பால் வெடித்தால் சத்தம் வர 6 விநாடி ஆகும். அவ்வளவு தூரத்து வெடிப்பின் சத்தம் வெளிச்சத்தோடு சேர்ந்தே கேட்டால் ஒலி பிறகு ஒட்டப்பட்டிருக்கலாம்.

ஆள் நடமாட்டமே இல்லாத, மங்கலான, குலுங்கும் இரவுக் காட்சியை இரட்டிப்பாகச் சந்தேகியுங்கள். ஆர்மா 3 என்ற கணினிப் போர் விளையாட்டின் காட்சிகள் போர்ச் செய்தியாகப் பரவியதால், அதன் தயாரிப்பு நிறுவனமே 2022-ல் விளக்கம் தர வேண்டியிருந்தது.

இடமும் நேரமும் உறுதியானாலும் வெடிப்புக்குக் காரணம் யார் என்பது உறுதியாகாது. ஒன்று தெரிந்ததும் மற்றதையும் முடிவு செய்துவிடுவதுதான் ஆபத்தானது.

இரவுப்பணி:
நன்றி. எண்ணிக்கை மாறிக்கொண்டே இருந்தால்?

செய்திமேசை:
இரண்டு தரப்பின் கணக்கைக் கூட்டாதீர்கள். ஒரே உடல் இரண்டிலும் இருக்கலாம். இறந்தவர், காயமடைந்தவர், காணாமற்போனவர் மூவரும் ஒரே எண்ணுக்குள் இருக்கிறார்களா என்று கேளுங்கள். எண் குறைந்தால் சத்தமில்லாமல் மாற்றாமல், திருத்திய நேரத்தோடு அதே பக்கத்தில் குறிப்பிடுங்கள். முதல் எண்ணை நோட்டிஃபிகேஷனாக அனுப்பியிருந்தால் திருத்தத்தையும் அப்படியே அனுப்ப வேண்டும்.