‘ஆட்னாவ் காய்?’ – மும்பையில் நம் பெயர்கள்: உங்கள் அனுபவத்தைச் சொல்லுங்கள்

செம்பூரிலிருந்து (இழையைத் தொடங்கியவர்)

மும்பையில் வாழும் தமிழர் எவர் காதிலும் இந்தக் கேள்வி விழாமல் இருந்திருக்க முடியாது: "ஆட்னாவ் காய்?" மராத்தியில் ஆட்னாவ் என்றால் குடும்பப் பெயர்; அது என்ன என்றுதான் கேட்கிறார்கள். அவர்களுடைய முழுப் பெயரில் மூன்று பகுதி உண்டு: தன் பெயர், அப்பா பெயர், ஆட்னாவ். சச்சின் ரமேஷ் டெண்டுல்கர், சுனில் மனோகர் கவாஸ்கர் என்ற பெயர்களில் நடுவில் இருப்பது அப்பா பெயர். நமக்கு ஒரு தலைப்பெழுத்து, ஒரு பெயர், அவ்வளவுதான். அந்த மூன்றாவது கட்டத்தில் எதை எழுதுவது?

என்னை ஒன்றாம் வகுப்பில் சேர்க்கப் போனபோது அப்பா அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டார். படிவத்தை வாங்கிய குமாஸ்தா அப்பா பெயரையே அதில் எழுதிக்கொண்டார். பத்தாவது சான்றிதழ் வரை அதுதான் என் ஆட்னாவ். கல்யாணம் ஆனதும் அந்த இடத்துக்குக் கணவர் பெயர் வந்தது. கணவருக்கு அங்கே இருந்தது என் மாமனார் பெயர். ஆக, கணவரும் மாமியாரும் ஒரு ஆட்னாவ், நானும் பிள்ளைகளும் இன்னொரு ஆட்னாவ். வீடு வாங்கிய புதிதில் சொசைட்டிக் கமிட்டி, "இந்த வீட்டில் இரண்டு குடும்பம் இருக்கிறதா?" என்று எழுத்தில் விளக்கம் கேட்டது. ரேஷன் கார்டு, கல்யாணப் பத்திரிகை, மாமியாரின் பென்ஷன் புத்தகம் எல்லாவற்றையும் கணவர் எடுத்துப்போய் மேசையில் வைத்தார். அன்று மாமியார் கேட்டது இன்னும் காதில் இருக்கிறது: "நான் பெத்த பிள்ளைன்னு பேப்பர்லயா எழுதிக் காட்டணும்?"

உங்களுக்கும் இப்படி நடந்திருக்குமே. சொல்லுங்கள்.

தாராவியிலிருந்து

அக்கா, எங்கள் வீட்டில் வேறு மாதிரி. தாத்தா திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து இங்கே தோல் பதனிடும் ஷெட்டில் வேலை பார்த்தவர். அவர் பெயர் சுடலைமுத்து. அப்பாவைப் பள்ளியில் சேர்த்தபோது தாத்தா பெயர் ஆட்னாவ் ஆனது. அப்பா எங்களைச் சேர்த்தபோது அதையே மாற்றாமல் எழுதினார். இப்போது என் மகனுக்கும் அதுதான். மூன்று தலைமுறையாகச் சுடலைமுத்து குடும்பம் நாங்கள்.

மகன் ஓர் அலுவலகத்தில் சேர்ந்த புதிதில் கூட வேலை பார்ப்பவர்கள் அர்த்தம் கேட்டார்களாம். சுடலை என்றால் சுடுகாடு என்று மட்டும்தான் அவனுக்குத் தெரியும். சொல்லக் கூச்சப்பட்டு, "ஏதோ சாமி பேர்" என்று முடித்துவிட்டான். வீட்டுக்கு வந்து, "வேற பேரா மாத்திக்கலாமாப்பா?" என்று கேட்டான். எனக்குச் சுருக்கென்றது. அந்த வருடமே ஊருக்குக் கூட்டிப்போய்ச் சுடலைமாடன் கோயில் கொடை விழாவைக் காட்டினேன். வில்லுப்பாட்டு விடிய விடிய நடந்தது. மயானத்தைக் காவல் காக்கிற சாமி, நம் வீட்டையும் காக்கிற சாமி, பிள்ளை பிறந்தால் அவர் பெயரை வைப்பது நன்றிக்கடன் என்று பூசாரித் தாத்தா உட்கார வைத்துச் சொன்னார். திரும்பி வந்து அலுவலகத்தில் இதைச் சொன்னபோது, கூட இருந்த மராத்திப் பையன், "எங்கள் குலதெய்வம் ஜெஜூரி கண்டோபா. என் பெயர் மல்ஹார், அவருடைய பெயர்தான்" என்றானாம். அதற்குப் பிறகு என் மகன் பெயர் மாற்றும் பேச்சை எடுக்கவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். ஆட்னாவ் கேட்பவர்களில் சிலர் தெரிந்துகொள்ள விரும்புவது சாதியை. அதைப் பெயரிலிருந்து எடுத்துவிட வேண்டும் என்று 1929இல் செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாட்டில் தீர்மானம் போட்டவர்கள் நம்மவர்கள். மூன்றாவது கட்டத்தில் தாத்தா பெயர் இருப்பது எனக்குப் பெருமை. அதைப் படித்து எவரும் என்னை எடை போட முடியாது.

மாட்டுங்காவிலிருந்து, ஓய்வு பெற்ற வங்கி ஊழியர்

நான் ஃபோர்ட் பகுதிக் கிளையில் பல வருடம் கவுன்டரில் இருந்தவன். பார்சி வாடிக்கையாளர்கள் அதிகம். கான்ட்ராக்டர், இன்ஜினீயர், வக்கீல், தாரூவாலா, பாட்லிவாலா என்று லெட்ஜர் முழுக்கத் தொழில்களாகவே இருக்கும். தாரூ என்றால் சாராயம், பாட்லி என்றால் பாட்டில். கிரிக்கெட் பார்ப்பவர்களுக்கு நரி கான்ட்ராக்டரையும் ஃபரூக் இன்ஜினீயரையும் தெரிந்திருக்கும். மும்பைப் பல்கலைக்கழகத்தின் பட்டமளிப்பு மண்டபத்துக்குப் பணம் கொடுத்த காவஸ்ஜி ஜஹாங்கீரின் குடும்பப் பெயர் ரெடிமனி!

எனக்கு மறக்காதது ஒரு முதியவர். அவருடைய பெயர் துபாஷ் என்று முடியும். "நீங்கள் மதராஸ்காரர்தானே, என் பெயருக்கு அர்த்தம் உங்களுக்குத் தெரிந்திருக்கணும்" என்றார். துபாஷி! இரண்டு மொழி தெரிந்தவர். புதுச்சேரியில் பிரெஞ்சு ஆளுநர் டூப்ளேயிடம் துபாஷியாக இருந்த ஆனந்தரங்கப் பிள்ளையைப் பற்றிச் சொன்னேன், அவர் எழுதிய நாட்குறிப்பைப் பற்றியும். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே கேட்டார். பம்பாயில் துபாஷ்கள் துறைமுகத்துக்கு வரும் கப்பல்களுக்குச் சாமான் ஏற்பாடு செய்தவர்களாம். காலா கோடாவில் ஒரு தெருவுக்கே கே. துபாஷ் மார்க் என்று பெயர். சோழமண்டலக் கரையில் தொழிலாக நின்றுபோன சொல் இங்கே குடும்பமாகிவிட்டது. அதே மாதிரி நம் கட்டட வேலை மேஸ்திரி, போர்த்துக்கீசிய மெஸ்த்ரே. இங்கே மிஸ்திரி என்று ஆட்னாவாகவே இருக்கிறது.

பாந்த்ராவிலிருந்து

மேஸ்திரிக்கு மட்டுமா போர்த்துக்கீசியம்? நான் தூத்துக்குடிப் பெண். எங்கள் வீட்டுப் பெயர் பர்னாந்து, ஆங்கிலத்தில் ஃபெர்னாண்டஸ் என்று எழுதுவோம். பாந்த்ராவுக்குக் கல்யாணமாகி வந்த முதல் ஞாயிறு, கோயில் வாசலில் ஒரு கோவாப் பாட்டி என் பெயரைக் கேட்டதும் கொங்கணியில் பொழிந்துவிட்டார். எனக்கு ஒரு வார்த்தை புரியவில்லை. நான் தமிழில் ஏதோ சொல்ல, அவர் முகம் போன போக்கு! கையைப் பிடித்துக்கொண்டு, "ஃபெர்னாண்டஸ் என்றாயே?" என்றார்.

எங்கள் கடற்கரை மக்கள் 1530களில் ஞானஸ்நானம் பெற்றபோது வந்த பெயர் அது. கோவாவிலும் இப்படித்தான், ஞானஸ்நானம் கொடுத்த சாமியாரின் பெயரோ ஞானத்தகப்பன் பெயரோ குடும்பத்தோடு ஒட்டிக்கொண்டது. ஃபெர்னாண்டஸ் என்றால் ஃபெர்னாண்டோவின் மகன். அந்தக் கடைசி ‘எஸ்’தான் மகன். பெரேரா பேரிக்காய் மரம், சில்வா காடு, மச்சாடோ கோடரி. தூத்துக்குடிக்குக் குடிதண்ணீர் கொண்டுவந்த நகரசபைத் தலைவர் குரூஸ் பர்னாந்துவின் பெயரும் அதுதான் என்று பாட்டியிடம் சொன்னேன். அவர் இருந்தவரை என்னைத் ‘தண்ணீர்க்காரர் ஊர்ப் பெண்’ என்றே கூப்பிட்டார்.

அந்தேரியிலிருந்து

சுருக்கமாகச் சொல்கிறேன். என் மைத்துனர் பாஸ்போர்ட்டில் ஒரே பெயர். 2022 நவம்பரில் ஒற்றைப் பெயர்க்காரர்களுக்கு விசிட் விசாவில் அனுமதி இல்லை என்று அமீரகம் அறிவித்த வாரம், விமான நிலையக் கவுன்டரில் அவரைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள். இரண்டாம் பக்கத்தில் அப்பா பெயர் இருந்தால் போதும் என்று பிறகு விளக்கம் வந்தது. டிக்கெட் பணம் போனது போனதுதான். அமெரிக்க விசாவில் இப்படிப்பட்டவர்களுக்கு ‘எஃப்.என்.யூ.’ என்று அடிக்கிறார்கள், முதற்பெயர் தெரியாதவர் என்று பொருள். பெயர் வைத்து வளர்த்த அம்மாவுக்கு அது எப்படி இருக்கும்?

எங்கள் அலுவலகத்துக்கு வந்த ஐஸ்லாந்துக்காரர் ஒருவரிடம் இதைச் சொன்னேன். அவர்களிடமும் பெரும்பாலும் குடும்பப் பெயர் கிடையாதாம். அப்பா பெயரோடு மகன் அல்லது மகள் என்று சேர்ப்பார்கள், டெலிபோன் டைரக்டரிகூட முதற்பெயர் வரிசைதான். 1980இல் ஜனாதிபதியான விக்தீஸ் ஃபின்போகாதோத்திர், ஃபின்போகியின் மகள். நம் தலைப்பெழுத்தை விரித்து எழுதினால் இதுதானே!

செம்பூரிலிருந்து (இழையைத் தொடங்கியவர்)

எல்லோருக்கும் நன்றி. தாராவித் தம்பி எழுதியதை இரண்டு முறை படித்தேன். ஒரு காரணம் இருக்கிறது.

போன வருடம் பேத்தி பிறந்தாள். 2024 மே 1 முதல் மகாராஷ்டிராவில் பிறக்கும் குழந்தைகளுக்கு அரசு ஆவணங்களில் தன் பெயர், அம்மா பெயர், அப்பா பெயர், ஆட்னாவ் என்று நான்கு பகுதி எழுத வேண்டும். அம்மா பெயருக்கு ஓர் இடம் வந்ததில் எனக்கு அத்தனை சந்தோஷம். மருமகள் கோல்ஹாபூர்ப் பெண், கல்யாணத்தின்போது தட்டில் அரிசி பரப்பி மணப்பெண்ணுக்கு மாப்பிள்ளை புதுப் பெயர் எழுதும் வழக்கம் அவர்கள் வீட்டில் உண்டு. என் மகன் அவள் பெயரையே எழுதினான்.

நான்காவது கட்டத்தில் என்ன என்று பேச்சு வந்தது. என் கணவர் தவறி மூன்று வருடம் ஆகிறது. அவர் பெயர் நெல்லையப்பன். "அப்பா பேருக்கு அர்த்தம் என்ன ஆயி?" என்று மருமகள் கேட்டாள். காயப்போட்ட நெல்லை மழை நனைக்காமல் சிவன் வேலி போட்டுக் காத்த ஊர் திருநெல்வேலி, அந்த ஊரின் அப்பன் என்று சொன்னேன். "அப்படியென்றால் ஊர்ப் பெயர்தானே, டெண்டுல்கர், கவாஸ்கர் என்பதில் ஊர்ப் பெயரோடு வரும் எங்கள் ‘கர்’ மாதிரி" என்றாள். பேனாவை வாங்கி அவளே எழுதினாள். ‘ல்லை’யில் ஒரு எழுத்து விட்டுப்போய், நான் சொல்லித் திருத்தினாள்.